அண்ணனுக்கு வந்தது, எனக்கு வராதது

எனக்கும் அண்ணனுக்கும் இரண்டு வயதுதான் வித்தியாசம். அதே மூக்கு, அதே கோணல் பல், போனில் பேசினால் யார் பேசுவது என்று அம்மாவே குழம்பும் அளவுக்கு ஒரே குரல். ஆனால் சட்டையைக் கழற்றிவிட்டு நின்றால் ஒரே வீட்டுப் பிள்ளைகள் என்று யாரும் நம்ப மாட்டார்கள். அவனுக்கு மார்பு, வயிறு, தோள்பட்டை, விரல் கணு வரைக்கும் கருகருவென்று முடி. எனக்கு அக்குளும் அடிவயிறும் தவிர மற்ற இடமெல்லாம் வழுவழு. மீசை ஏதோ பேருக்கு இருக்கிறது. தாடி என்று சொல்லிக்கொள்ள மோவாயில் ஒரு கொத்து.

பதினைந்து வயதில் இது பெரிய விஷயம். நீச்சல் என்றால் ஏதாவது சாக்கு சொல்லித் தப்பிப்பேன். மழித்தால் அடர்த்தியாக வளரும் என்று யாரோ சொன்னதைக் கேட்டு, அண்ணனின் ரேசரைத் திருடி, இல்லாத தாடியை மூன்று மாதம் விடாமல் மழித்தேன். மிச்சமானது கன்னத்தில் இரண்டு வெட்டுத் தழும்பு. ரேசர் மழுங்கியதற்கு அண்ணனிடம் வாங்கிய திட்டு தனிக் கணக்கு.

அந்த மூன்று மாதத்துக்குப் பல பத்தாண்டுகள் முன்பே, 1928இல், மில்ட்ரெட் டிராட்டர் என்ற உடற்கூறு ஆய்வாளர் மழிப்பதால் முடியின் வேகமோ பருமனோ மாறுவதில்லை என்று அளந்து எழுதிவிட்டார். 1970இல் இன்னொரு ஆய்வில் ஐந்து இளைஞர்கள் ஒரு காலை மட்டும் வாராவாரம் பல மாதம் மழித்தார்கள். மறு காலோடு ஒப்பிட்டபோது வித்தியாசம் ஒன்றுமில்லை. இயற்கையாக வளரும் முடியின் நுனி கூர்ந்து மெலிந்திருக்கும். கத்தி பட்டதும் அந்த நுனி போய், தடித்த நடுப்பகுதி மொட்டையாக வெளியே நிற்கிறது. தடவினால் முரட்டுத்தனமாகப் படுவது அதனால்தான். தோலுக்கு உள்ளே இருக்கும் வேருக்கு வெளியில் கத்தி வந்து போனதே தெரியாது.

இருபத்து நான்கு வயதில் ஒருநாள் துணிந்து ஹார்மோன் மருத்துவரிடம் போனேன். உடனே ரத்தப் பரிசோதனைக்கு எழுதுவார் என்று நினைத்தேன். அவர் கேள்வியாகக் கேட்டார். குரல் எந்த வயதில் உடைந்தது? அக்குளில் முடி வந்ததா? உயரம் எப்போது நின்றது? உறுப்பு வளர்ச்சியையும் பார்த்துக்கொண்டார். அப்புறம், சம்பந்தமே இல்லாமல், “வாசனை எல்லாம் நன்றாகத் தெரிகிறதா தம்பி?” என்றார். முடிக்குப் போனவனிடம் மூக்கைப் பற்றி என்ன கேள்வி என்று விழித்தேன். “தெரியுது டாக்டர்” என்றேன். “அப்போ சரி” என்று ஏதோ குறித்துக்கொண்டார்.

அந்தக் கேள்வியின் அர்த்தம் பல வருடம் கழித்துப் படித்தபோதுதான் புரிந்தது. பருவமடைவதைத் தொடங்கி வைக்கும் நரம்பணுக்கள் கரு வளரும்போது முதலில் மூக்குப் பகுதியில்தான் தோன்றுகின்றன. வாசனை நரம்புகளின் தடத்தைப் பிடித்துக்கொண்டு அங்கிருந்து மூளைக்குள் ஊர்ந்து போகின்றன. அந்தப் பயணம் தடைப்பட்டால் வாசனையும் தெரியாது, பருவமும் வராது, அதனால் தாடியும் வராது. கால்மன் நோய்த்தொகுதி என்று பெயர். எனக்கு அது இல்லை. கிளைன்ஃபெல்டர் என்ற இன்னொன்றையும் அவர் மனதில் வைத்திருந்திருப்பார். ஆண் குழந்தைக்கு ஓர் எக்ஸ் குரோமோசோம் கூடுதலாக அமைவது அது. அதிலும் உடல் முடி குறைவாக இருக்கும். அப்படி ஒன்றும் அரிதும் அல்ல, ஏறத்தாழ 600 ஆண் குழந்தைகளில் ஒருவருக்கு இருக்கிறது. பலருக்கு அது இருப்பதே தெரிவதில்லை, குழந்தை பிறக்கவில்லை என்று பரிசோதிக்கப் போகும்போதுதான் தெரிய வருகிறது.

கடைசியில் ரத்தமும் கொடுத்தேன். டெஸ்டோஸ்டிரோன் என்ற ஆண் ஹார்மோனின் அளவு சரியாக இருந்தது. சொல்லப்போனால் சராசரிக்குச் சற்று மேலே. “அப்போ ஏன் டாக்டர்?” என்றேன். “கடிதம் எல்லா வீட்டுக்கும் போயிருக்கு. உங்க வீட்ல யாரும் எழுந்து கதவைத் திறக்கலை” என்றார். இதை விட நல்ல விளக்கத்தை நான் இதுவரை எங்கும் படிக்கவில்லை.

முதலில் ‘முடி இல்லை’ என்ற பேச்சே தப்பு. இருட்டு அறையில் டார்ச்சைக் கைக்குப் பக்கவாட்டில் பிடித்துப் பாருங்கள். வழுவழுவென்று நினைத்த முன்கை முழுக்கப் பூனைமுடி மின்னும். மனித உடலில் ஏறத்தாழ 50 லட்சம் மயிர்க்கால்கள் உண்டு. அதில் தலையில் இருப்பது ஒரு லட்சம் சொச்சம்தான். உள்ளங்கை, உள்ளங்கால், உதடு போன்ற சில இடங்கள் நீங்கலாக எங்கும் உண்டு. இவை அத்தனையும் தாயின் வயிற்றிலேயே அமைந்துவிடுகின்றன. பிறந்த பிறகு புதிதாக ஒன்றுகூட முளைப்பதில்லை. ஆணுக்கும் பெண்ணுக்கும் எண்ணிக்கை ஏறக்குறைய ஒன்றே. சிம்பன்சியின் தோலில் இருக்கும் அடர்த்தியோடு ஒப்பிட்டால்கூட நாம் பெரிதாகப் பின்தங்கிவிடவில்லை. அதன் முடி தடித்து நீண்டது, நம்முடையது கண்ணுக்குத் தெரியாமல் சிறுத்தது, அவ்வளவுதான்.

(மயிர் என்ற நல்ல தமிழ்ச் சொல்லை வசவாக்கி வைத்திருக்கிறோம். மயிர்க்கால், மயிரிழை என்று வேறு சொல்லோடு ஒட்டிக்கொண்டு வந்தால் மட்டும் அதற்கு மரியாதை.)

ஆக, அண்ணனுக்கும் எனக்கும் மயிர்க்கால் கணக்கில் பெரிய வித்தியாசம் இருக்க வாய்ப்பில்லை. அவனுடைய மார்பில் பூனைமுடி தடித்த முடியாக மாறியது. என்னுடையது குழந்தைப் பருவத்தில் இருந்த மாதிரியே இருந்துவிட்டது. அந்த மாற்றத்தைச் செய்வது ஆண்ட்ரோஜன் என்ற ஹார்மோன் வகை. டெஸ்டோஸ்டிரோன் அதில் ஒன்று. மயிர்க்காலுக்குள் 5-ஆல்ஃபா ரிடக்டேஸ் என்ற நொதி டெஸ்டோஸ்டிரோனை இன்னும் வீரியமான டிஹெச்டி ஆக மாற்றுகிறது. அந்த டிஹெச்டி, ஹார்மோனைப் பிடித்துக்கொள்ளும் ஏற்பி என்ற புரதத்தில் போய்ப் பொருந்துகிறது. அதன் பிறகுதான் வேர் பெருக்கத் தொடங்கும். இந்த மூன்று படியில் எங்கே சுணக்கம் என்றாலும் முடி தடிக்காது.

இடத்துக்கு இடம் பசியும் வேறு. அக்குளும் அடிவயிறும் கொஞ்சம் ஆண்ட்ரோஜன் கிடைத்தாலே திருப்திப்பட்டுவிடும். அதனால்தான் அங்கே பெண்களுக்கும் முடி வருகிறது. மார்பும் தாடியும் நிறையக் கேட்கும். என் உடம்பில் முதல் இரண்டு இடத்தில் மட்டும் ஒழுங்காக வந்ததற்கு அர்த்தம் அதுதான்.

நொதி இல்லாமல் போனால் என்ன ஆகும் என்பதற்கு ஒரு ஊரே சாட்சி. டொமினிகன் குடியரசில் ஒரு கிராமத்துக் குழந்தைகளைப் பற்றி ஜூலியான் இம்பெராட்டோ-மெக்கின்லி 1974இல் எழுதினார். பிறக்கும்போது பெண்பிள்ளை என்று நினைத்து வளர்க்கப்பட்டவர்கள். பருவ வயதில் குரல் தடித்து, தசை திரண்டு, ஆணாக வெளிப்பட்டார்கள். டெஸ்டோஸ்டிரோன் அவர்களுக்குக் குறைவில்லை. அதை டிஹெச்டியாக மாற்றும் நொதிதான் வேலை செய்யவில்லை. வளர்ந்த பிறகு அவர்களுக்குத் தாடியும் உடல் முடியும் மிகக் குறைவு. தலை வழுக்கை மட்டும் விழவே இல்லை. புராஸ்டேட் சுரப்பியும் சிறியதாகவே இருந்தது. அந்த நொதியை வேண்டுமென்றே தடுத்தால் என்ன என்று யோசித்ததில் பிறந்ததுதான் ஃபினாஸ்டெரைடு மாத்திரை. 1992இல் புராஸ்டேட் வீக்கத்துக்கு வந்தது, 1997இல் வழுக்கைக்கும் அனுமதி வாங்கியது.

இதில் ஒரு வேடிக்கை. மார்பில் முடியைத் தடிக்கவைக்கும் அதே டிஹெச்டிதான் தலையுச்சியில் முடியைச் சிறுக்கவைக்கிறது. ஒரே பொருள், கழுத்துக்குக் கீழே உரம், உச்சந்தலையில் விஷம். ஏன் இப்படி என்றால், அந்தந்த இடத்து மயிர்க்காலின் அடிப்பகுதி அணுக்கள் அதைக் கேட்டதும் வெவ்வேறு கட்டளை கொடுக்கின்றன. காயடிக்கப்பட்டவர்களுக்கு வழுக்கை விழுவதில்லை என்று ஹிப்போகிரட்டஸ் பெயரில் வழங்கும் மருத்துவ மொழிகளிலேயே இருக்கிறது. ஜேம்ஸ் ஹாமில்டன் 1942இல் அதை ஆய்வாக நிறுவினார். என் அண்ணனுக்கு முப்பத்தைந்திலேயே நெற்றி உச்சிக்கு ஏறிவிட்டது. எனக்குத் தலை நிறைய இருக்கிறது. இதை ஒவ்வொரு குடும்ப விசேஷத்திலும் நினைவூட்டத் தவறுவதில்லை. ஆனால் உடம்பில் முடி இல்லாதவனுக்கு வழுக்கை வராது என்று எந்த விதியும் இல்லை. இரண்டிலும் கோட்டைவிட்ட நண்பர்கள் எனக்கு உண்டு. பாவம்.

மூன்றாவது படி ஏற்பி. அதன் மரபணு எக்ஸ் குரோமோசோமில் இருக்கிறது. ஆணுக்கு எக்ஸ் ஒன்றே ஒன்று, அது அம்மாவிடமிருந்துதான் வரும். அம்மாவுக்கு இரண்டு இருப்பதால் அண்ணனுக்குக் கொடுத்ததும் எனக்குக் கொடுத்ததும் ஒன்றாக இருக்க வேண்டியதில்லை. இந்த மரபணுவில் ஒரு துண்டு திரும்பத் திரும்ப வரும். எத்தனை முறை வருகிறது என்பது ஆளுக்கு ஆள் வேறு. குறைவாக வந்தால் ஏற்பி சுறுசுறுப்பு, அதிகமாக வந்தால் மந்தம். இது ஒன்று மட்டுமே காரணம் என்று சொல்லிவிட முடியாது. முடி விஷயத்தில் பல மரபணுக்கள் கை வைக்கின்றன. அண்ணன் தம்பி என்றாலும் மரபணுவில் சராசரியாகப் பாதிதான் பொது. ஒரே வீட்டில் கம்பளியும் கண்ணாடியும் பிறப்பதில் அதிசயம் ஒன்றும் இல்லை.

ரத்தத்தில் அளவு சரியாக இருந்தும் முடி வராமல் இருப்பதற்கு நேர் எதிரான கதையும் உண்டு. சில பெண்களுக்கு ஹார்மோன் அளவு சரியாக, மாதவிலக்கும் ஒழுங்காக இருக்கும். ஆனால் முகத்திலும் வயிற்றிலும் தடித்த முடி வளரும். அங்கே கதவு கொஞ்சம் அதிகமாகவே திறக்கிறது. பெண்களின் உடல் முடியை மதிப்பிட ஃபெரிமன், கால்வே என்ற இரண்டு பேர் 1961இல் ஒரு மதிப்பெண் முறையையே வகுத்தார்கள். இடத்துக்குப் பூஜ்யம் முதல் 4 வரை போட்டுக் கூட்ட வேண்டும். சுவாரஸ்யம் என்னவென்றால், எத்தனை மதிப்பெண்ணுக்கு மேல் ‘அதிகம்’ என்பது எல்லா மக்களுக்கும் ஒன்றாக இல்லை. பொதுவாக 8 என்று வைத்திருப்பதைக் கிழக்காசியப் பெண்களுக்கு இன்னும் குறைத்துக்கொள்கிறார்கள். ‘இயல்பு’ என்பது யாரை வரிசையில் நிறுத்தி எண்ணினோம் என்பதைப் பொறுத்தது. சீன ஆண்களையும் வெள்ளை ஆண்களையும் ஒப்பிட்டபோதும் டெஸ்டோஸ்டிரோன் ஒரே அளவுதான் இருந்தது. ஆனால் டிஹெச்டி சிதைந்து வெளியேறும் பொருட்கள் சீன ஆண்களிடம் குறைவாக இருந்தன. வித்தியாசம் விதைப்பையில் அல்ல, தோலில். தாடியை வைத்து ஒருவனின் ஆண்மையை எடைபோடுகிறவர்கள் இந்த ஒரு வரியையாவது படிக்க வேண்டும்.

தாடியையே எடைபோட்டவர் ஒருவர் உண்டு, நிஜமாகவே தராசில். பெயர் போடாத ஓர் ஆய்வாளர் ஆள் அரவமற்ற தீவு ஒன்றில் வாரக்கணக்கில் தனியாக வேலை பார்த்தார். அங்கே இருக்கும்போது தாடி வளர்ச்சி மந்தமாவதையும், காதலியைப் பார்க்க ஊர் திரும்பும் நாள் நெருங்கினால் வேகம் பிடிப்பதையும் கவனித்தார். மின் ரேசரில் சேர்ந்த பொடியைத் தினமும் நிறுத்துக் குறித்து வைத்தார். 1970இல் நேச்சர் இதழில் அது வெளியானது. ஓர் ஆளின் முகப்பொடியை வைத்து உலகத்துக்கே முடிவு சொல்லிவிட முடியாதுதான். ஆனாலும் அவர் ஏன் பெயர் போடவில்லை என்பது நன்றாகப் புரிகிறது.

இதுவரை சொன்னது மயிர்க்கால் சேதியைக் கேட்கிறதா என்பதைப் பற்றி. மயிர்க்கால் எப்படி அமைகிறது என்பதிலேயே தலையிடும் மரபணுக்களும் உண்டு. இதில் எனக்கு மிகவும் பிடித்த கதை டார்வினுடையது. 1875இல் வந்த ஒரு நூலில், சிந்து பகுதியைச் சேர்ந்த ஒரு குடும்பத்தைக் குறிப்பிடுகிறார். நான்கு தலைமுறையில் பத்து ஆண்கள். ஒவ்வொருவருக்கும் மொத்தமே பன்னிரண்டு பற்கள். உடம்பில் முடி மிகக் குறைவு, இளவயதிலேயே வழுக்கை. வெயில் காலத்தில் தோல் வறண்டு தவித்துப்போவார்கள். மகள்களில் ஒருவருக்குக்கூட இந்தக் குறை இல்லை. ஆனால் அந்த மகள்கள் வழியாகப் பேரன்களுக்கு வந்துவிடும். எக்ஸ் குரோமோசோம் என்ற ஒன்று இருப்பதே யாருக்கும் தெரியாத காலம். அது எப்படிக் கைமாறும் என்று மட்டும் அச்சு அசலாக எழுதி வைத்துவிட்டார்.

பல், முடி, வியர்வை மூன்றுக்கும் என்ன உறவு? கருவில் மூன்றுமே தோலின் மேலடுக்கு உள்நோக்கி மடிவதில் தொடங்குகின்றன. அந்த மடிப்புக்கு உத்தரவு கொடுக்கும் புரதங்களில் ஒன்று ஈடிஏ. அந்தக் குடும்பத்தில் இருந்ததாகக் கருதப்படும் நோய்க்குக் காரணமான, இந்தப் புரதத்துக்குரிய மரபணுவை 1996இல் கண்டுபிடித்தார்கள். அந்த உத்தரவைக் கேட்கும் ஏற்பிக்கு ஈடிஏஆர் என்று பெயர். இதில் ஒற்றை எழுத்து மாறிய ஒரு வடிவம் கிழக்காசியாவிலும் அமெரிக்கப் பழங்குடிகளிடமும் மிகப் பரவலாக இருக்கிறது. ஆப்பிரிக்காவிலும் ஐரோப்பாவிலும் அநேகமாக இல்லை. அது நோய் அல்ல. தலைமுடி தடித்து நேராக இருக்கும், முன்பல்லின் பின்புறம் மண்வெட்டி போலக் குழிந்திருக்கும், வியர்வைச் சுரப்பி சற்றுக் கூடுதல். லத்தீன் அமெரிக்காவில் ஆயிரக்கணக்கானவர்களின் மரபணுவைப் பார்த்தபோது தாடி அடர்த்தியோடும் இதற்குத் தொடர்பு தெரிந்தது. தலையில் தடித்த முடி கொடுக்கும் மரபணு கன்னத்தில் கஞ்சத்தனம் காட்டுகிறது.

நீளத்துக்கும் நிறத்துக்கும்கூட இதில் பங்கு உண்டு. தலைமுடி வருடக்கணக்கில் விடாமல் வளரும், கை கால் முடி சில மாதத்தில் நின்று உதிரும். அந்த வளரும் காலம் ஒருவருக்கு இன்னும் குறுகினால் முடி குட்டையாகவே நிற்கும். நிறமும் வெளுத்திருந்தால், இருந்தும் இல்லாத மாதிரிதான்.

இங்கே ஒன்றை மட்டும் கண்டிப்பாகச் சொல்ல வேண்டும். சிறு வயதிலிருந்தே முடி குறைவாக இருப்பதும், வந்த முடி போவதும் ஒன்றல்ல. எனக்குப் போல முதலிலிருந்தே குறைவு, பருவ மாற்றம் எல்லாம் நேரத்துக்கு நடந்தது என்றால் கவலைப்பட ஒன்றுமில்லை. பதினான்கு வயது வரை ஒரு பையனுக்குப் பருவ மாற்றமே தொடங்கவில்லை என்றால் காட்ட வேண்டும். வளர்ந்தவருக்கு இருந்த முடி போகிறது என்றால் அது வேறு செய்தி. புருவத்தின் வெளி ஓரம் மெலிந்தால் தைராய்டு குறைபாடாக இருக்கலாம். கெண்டைக்கால் முடி காலுறையும் பேன்ட்டும் உரசியே தேய்ந்துபோவது உண்டு. ஆனால் முழங்காலுக்குக் கீழே முடி போய், தோல் பளபளத்து, நடந்தால் கால் வலியும் எடுத்தால் ரத்தக் குழாய் அடைப்பைச் சந்தேகிக்க வேண்டும். கல்லீரல் சுருங்கிய ஆண்களுக்கு மார்பு முடி உதிரும். பிரசவத்தில் ரத்தம் அதிகம் போன பெண்ணுக்குப் பால் சுரக்காமல், மாதவிலக்கு திரும்பாமல், அக்குள் முடியும் கொட்டினால் பிட்யூட்டரி சுரப்பி சேதமாகியிருக்கலாம். ஷீஹன் என்பவர் 1937இல் விவரித்தது இது. வட்ட வட்டமாக உதிர்ந்தால் அது நோய் எதிர்ப்பு அணுக்கள் வேரைத் தாக்குவது. இவற்றில் எதையும் ‘எங்கள் பரம்பரைவாகு’ என்று தள்ளிப் போடக் கூடாது.

முடி குறைவாக இருந்தால் நஷ்டம் ஏதாவது உண்டா என்று தேடிப் பார்த்தேன். உருப்படியாகக் கிடைத்தது ஒன்றுதான். ஒரு கையை மழித்து, ஒரு கையை மழிக்காமல் விட்டு, மூட்டைப்பூச்சியை நடக்கவிட்டுப் பார்த்திருக்கிறார்கள். முடி உள்ள கையில் பூச்சி கடிக்க இடம் தேடி அதிக நேரம் அலைந்தது, அது ஊர்வதும் சீக்கிரம் தெரிந்தது. ஆக, மூட்டைப்பூச்சி விஷயத்தில் அண்ணன் என்னைவிடப் பாதுகாப்பானவன்.

போன வருடம் நாற்பத்திரண்டு முடிந்தது. கண்ணாடி முன் நிற்கும்போது மார்பின் நடுவில் கறுப்பாக ஏதோ தெரிந்தது. அழுக்கு என்று துடைத்தேன், போகவில்லை. மூன்று முடி. மயிர்க்கால்கள் ஆண்ட்ரோஜனுக்கு மெதுவாகத்தான் பழகும், ஒவ்வொரு வளர்சுழற்சியிலும் கொஞ்சம் கொஞ்சமாகத் தடிக்கும், மார்பு முடி நாற்பது தாண்டியும் கூடிக்கொண்டே போகும் என்று நான் படித்ததெல்லாம் அந்த நிமிடத்தில் நினைவுக்கு வந்தது. கடிதம் கிடைத்துவிட்டது, இருபத்தேழு வருடம் தாமதமாக. அண்ணனுக்குப் போன் போட்டேன்.

சிரித்து முடிக்கவே அவனுக்கு நேரம் பிடித்தது. அப்புறம் கேட்டான், “காதைப் பாத்தியாடா?”

பார்த்தேன். அங்கே ஏழு இருந்தது.